புளி யாருடையது என்று கேட்ட பேரனுக்கு

ராசிபுரம்.



மெல்போர்னில் உன் அறையில் தங்கியிருக்கும் சூடான் தேசத்துப் பிள்ளை, நீ கரைத்து வைத்த புளியைக் கண்டு அது தங்கள் நாட்டு மரம் என்றதாகவும், படித்துப் பார்த்ததில் அதுவே மெய்யென்று தெரிந்ததாகவும், அப்படியானால் புளிக்குழம்பில் நம்முடையது எதுதான் மிச்சம் என்றும் எழுதியிருந்தாய். இதற்குக் கலங்க வேண்டுமா, கண்ணு?

பூர்வீகம் ஆப்பிரிக்காதான். ஆனால் கங்கைச் சமவெளியின் நர்ஹனில் அகழ்ந்தபோதே மூவாயிரம் ஆண்டுக்கு முந்திய புளியவிறகின் கரி அகப்பட்டிருக்கிறது. நம்மாழ்வார் எழுந்தருளிய ஆழ்வார்திருநகரிப் புளியை வைஷ்ணவர்கள் இன்றும் ஸேவிக்கிறார்கள்.

நாமக்கல் சாலையோர மரங்களின் மகசூலை என் தகப்பனார் ஏலத்தில் எடுத்த காலத்தில், மாசி பிறந்ததும் ஆட்கள் கிளையேறி உலுக்க, பெண்கள் பொறுக்கி வந்து, வாசலில் காயவைத்து, ஓடு நீக்கி, நார் உருவி, கல்லின்மேல் ஒவ்வொரு பழமாக நிறுத்திக் கொட்டாப்புளியால் தட்ட, கொட்டை கருஞ்சிவப்பாய்ப் பளபளத்துத் தெறிக்கும். பிறகு புளியைக் கல்லுப்புத் தூவி அடுக்கடுக்காய்ப் பானையில் அடைப்பார்கள். வருஷம் கடந்து கறுத்த பழம்புளிக்குத்தான் வைத்தியர் வீட்டிலிருந்து ஆள் வரும்.

அந்தக் கொட்டையை அற்பமாக எண்ணாதே. பல்லாங்குழி ஆட்டமும் வறுத்துத் தின்பதும் நீ அறிந்தவை. தக்காணத்துக் கம்பளி நெசவாளர் பாவுக்கு ஏற்றும் பசையும் அதுவே. 1942இல் கோஷ், கிருஷ்ணா என்ற இரு விஞ்ஞானிகள், அதன் பருப்பில் ஏறக்குறையப் பாதி கூழாய் இறுகும் சத்து என்று கண்டு வெளியிட்டனர். அதன்பின், யுத்தகாலத்தில் மக்காச்சோள மாவுக்குப் பதிலாகப் பஞ்சாலைகளுக்கும் அது போயிற்று. பிறந்த தேசம் எதுவானாலும், கொழுந்திலிருந்து செக்குக்கும் கசாப்புக் கட்டைக்கும் உதவும் வைரம் வரையில் வீணாக்காமல் ஆண்டு வந்த ஜனங்களுக்கு ஒரு மரம் சொந்தமே என்பது என் திடமான அபிப்பிராயம்.

நால்வழிச் சாலைக்காக அந்த நிழல் வரிசைகள் வீழ்ந்ததைவிட, சென்ற விடுமுறையில் மிஞ்சியவற்றைக் காட்ட நான் அழைத்தபோது நீ கைப்பேசியிலிருந்து நிமிராததே எனக்கு வருத்தம். போகட்டும், அம்மாயி பழம்புளி கட்டி அனுப்புகிறாள், போத்தல் விழுதை விட்டுவிடு. அந்தப் பிள்ளைக்கும் பாதி கொடு. அவர்கள் வீட்டில் கொட்டையை என்ன செய்கிறார்கள் என்று விசாரித்து எழுது.