மாமூல் தடம்

தை 4

அறுப்பு மிஷின்காரர் ரோட்டிலேயே வண்டியை நிறுத்திவிட்டுப் போன் பண்ணினார். "சார், தடத்துல கல்லுக்கால் நட்டிருக்குதுங்க. என் வண்டிக்கு ஒம்பது அடியாவது வேணும்."

போய்ப் பார்த்தேன். முன்பங்குக்காரர், அதாவது பெரியப்பா மகன், தென்பொழியை ஒட்டிக் கம்பிவேலி போட்டிருக்கிறார். மிச்சம் விட்டிருப்பது ஆறடி சொச்சம். மாடு போகும், பைக் போகும். இரண்டு நாளைக்கு முன்னால் பட்டிப் பொங்கலை ஒன்றாகத்தான் கும்பிட்டோம். வேலி பற்றி ஒரு வார்த்தை இல்லை. கீழ்பவானியில் ஆகஸ்ட் 15 விட்ட தண்ணீரில் நட்ட நெல், பின்பங்கில் தலை சாய்ந்து நிற்கிறது. அதற்கும் பின்னால் வாய்க்கால்தான். மிஷின் இறங்கி வர வேறு வாசல் கிடையாது.

தை 5

பீரோவிலிருந்து 1974 பாகப்பிரிவினைப் பத்திரத்தை எடுத்தேன். நான்கு மால் சுத்தமாக இருக்கிறது. கிணற்றில் சரிபாதி, கமலைக்கு முறை நாள், புளியமரத்துக் காயில் பாதி, தென்னை இன்னாருக்கு இத்தனை என்று எண்ணிப் பிரித்திருக்கிறார்கள். தடத்துக்கு மட்டும் ஒரே வரி: மாமூல் வண்டித் தடத்தில் போக வரப் பாத்தியம் உண்டு. எத்தனை அடி என்று இல்லை. எழுதியவரைக் குறை சொல்ல மாட்டேன். அன்றைக்கு மாமூல் என்றால் எவ்வளவு என்று கையெழுத்துப் போட்ட அத்தனை பேருக்கும் தெரியும். இன்றைக்கு அவர்களில் ஒருவரும் இல்லை.

புலப்படத்தையும் விரித்துப் பார்த்தேன். உட்பிரிவு 1, உட்பிரிவு 2, நடுவில் ஒரு கோடு. தடமே இல்லை.

தை 6

கோபியில் வக்கீலைப் பார்த்தேன். தாசில்தாரிடம் மனுக் கொடுக்கலாமா என்றதற்குச் சிரித்தார். பட்டா நிலத்துக்குள் இருக்கிற பாத்தியத் தகராறு சிவில் கோர்ட் விவகாரமாம். 1882-ம் வருஷத்து வசதியுரிமைச் சட்டத்தில் 13-ம் பிரிவு எனக்குச் சாதகம்: பங்கு பிரிந்ததால் வழியில்லாமல் போன நிலத்துக்கு, பத்திரத்தில் எழுதாவிட்டாலும் வழி உண்டு. சந்தோஷப்படுவதற்குள் 29-ஐப் புரட்டினார். பாத்தியம் உள்ளவன் தன் நிலத்தில் மாற்றம் செய்துகொண்டு, அடுத்தவன் தலையில் உள்ள பாரத்தைப் பெரிதாகக் கூட்ட முடியாதாம். "மாட்டு வண்டிக்குக் குடுத்த தடம்னு அவங்க வக்கீல் நிப்பாருங்க." முன்சீப் கோர்ட், கமிஷனர் வந்து அளப்பது, அப்புறம் அப்பீல் என்று வரிசையாகச் சொன்னார். நெல் அதுவரை நிற்காது என்பதை அவருக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

தை 7

காலையில் சாளைக்குள் கிடந்த பழைய வண்டியைப் பார்க்கப் போனேன். ஒரு சக்கரம் இல்லை, இருசு மட்டும் முழுசாக இருக்கிறது. டேப் பிடித்தேன்: முனைக்கு முனை ஐந்தே முக்கால் அடி. இதற்கு மேல் இரண்டு பக்கமும் ஒதுங்க இடம் வைத்தாலும் எட்டடி தாண்டாது. எனக்கு எதிரான சாட்சியை நானே அளந்துவிட்டேன்.

அம்மா திண்ணையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தது. "தடத்தை அளக்கறதுன்னா கெணத்துத் தடத்தையும் அளந்துக்கோ."

அப்போதுதான் உறைத்தது. பொதுக்கிணறு நம் பங்கில் இருக்கிறது. பெரியப்பா வீட்டார் அங்கே வர, நம் வயல் ஓரமாகவே ஒரு தடம் இருந்தது. போர் போட்ட பிறகு கிணறு வற்ற, அப்பா வருஷத்துக்கு ஒரு சால் உள்ளே தள்ளி ஓட்டினார். பத்து வருஷத்தில் தடம் நெல்லாகிவிட்டது. போன ஆறு வருஷமாக அந்த நெல்லை அறுத்தவன் நான்.

சாயந்திரம் அண்ணன் வீட்டுக்குப் போனேன். காப்பி வந்தது. அவரே ஆரம்பித்தார். "எங்கப்பா சாகற வரைக்கும் கெணத்துத் தடத்தைப் பத்தி உங்கப்பாகிட்ட ஒரு வார்த்தை கேக்கலீங்க தம்பி. நான் கேக்கறதுக்குத்தான் கல்லு நட்டேன்."

"வாயால கேட்டிருக்கலாமில்லீங்கண்ணா?"

"கேட்டா வந்திருப்பீங்களா?"

பதில் சொல்லவில்லை. காப்பி ஆறிவிட்டது.

தை 9

அண்ணனே ஆள் வைத்து, வளைவில் ஐந்து கல்லைப் பிடுங்கிப் போட்டார். "அறுப்பு முடியற வரைக்கும்" என்று இரண்டு தடவை சொன்னார். மிஷின் இறங்கிவிட்டது. மதியத்துக்கு மேல் கிணற்று மேட்டில் சீமைக்கருவேலை வெட்டினோம். அறுத்த தாளுக்கு நடுவே டேப்பின் ஒரு முனையை அவர் பிடித்தார். இரண்டு தடத்துக்கும் ஒரே அகலம், அதைப் பத்திரமாகப் பதிந்துகொள்வது, இதுவரை ஒத்துப்போனோம். எட்டா ஒன்பதா என்பதில் இன்னும் இழுபறி.

ராத்திரி ஒரு வரி எழுதி அவருக்குப் போனில் படித்துக் காட்டினேன்: "டிராக்டர், அறுப்பு மிஷின் போக வரப் பாத்தியம்."

"மிஷின் பேரெல்லாம் எதுக்குங்க தம்பி, அடியை எழுதுங்க" என்றார்.