நிரப்பிய நிலத்தின் மேல் வீடுகள்

2021 நவம்பர் மாதப் பெருமழைக்குப் பின், அப்போது சித்தூர் மாவட்டத்துக்குள் இருந்த திருப்பதியின் ஸ்ரீகிருஷ்ணா நகரில், சிமெண்ட் உறைகளை அடுக்கித் தரைக்கடியில் அமைத்திருந்த தண்ணீர்த் தொட்டியொன்று, ஒரு பெண் உள்ளே இறங்கிச் சுத்தம் செய்துகொண்டிருந்தபோதே மண்ணைப் பிளந்து மேலெழும்பியது. அப்பகுதி வீடுகளிலும் விரிசல்கள் காணப்பட்டன. நிலத்தடி நீர்மட்டம் தரையை நெருங்கும்போது, காலித் தொட்டி விலக்கும் நீரின் எடை தொட்டியின் எடையையும் சுற்றுமண்ணின் பிடிப்பையும் மிஞ்சினால், அதை மேல்நோக்கித் தள்ளும் மிதப்பு விசை வென்றுவிடுகிறது.

திருப்பதியை ஒட்டிய திருமலைச் சரிவுகளில் இறங்கும் மழைநீர் ஏரிகளையும் ஓடைகளையும் நாடியே வருகிறது. அவற்றைத் தூர்த்து மனையாக்கும் எந்த ஊரிலும், சரியாக இறுக்கப்படாத நிரப்பு மண் கட்டடச் சுமையால் ஓரிடத்தில் அதிகமாகவும் மற்றோரிடத்தில் குறைவாகவும் தாழ்கிறது. சமனற்ற அமிழ்வு எனப்படும் இதுவே சுவரைப் பிளக்கிறது. ஏரிப்படுகையில் வளர்ந்த மெக்சிகோ நகரம் 1985 நிலநடுக்கத்தில் பேரழிவைச் சந்தித்ததற்கும் அடிமண்ணின் மென்மை முக்கியக் காரணம்.

வாழ்நாள் சேமிப்பைக் கொட்டி வீடு கட்டும் எளிய குடும்பத்தின் மீது மனை நிரப்பிய நிலமா என்று சோதிக்கும் பொறுப்பைச் சுமத்துவது அநீதி. மனைப்பிரிவுக்கு ஒப்புதல் தருவோரே பழைய நில ஆவணங்களையும் மண் பரிசோதனை முடிவையும் முதலில் பார்க்க வேண்டும்.