கூடுபெட்டி மட்டும் போதாது

பிரிட்டனில் மரச்சிட்டைத் தோட்டத்துக்கு வரவழைக்க நினைப்பவர் முதலில் அதை வீட்டுச்சிட்டிலிருந்து பிரித்தறிய வேண்டும். உச்சந்தலை முழுக்கச் செம்பழுப்பு, வெண்கன்னத்தில் ஒரு கரும்புள்ளி. இரண்டும் இருந்தால் மரச்சிட்டுதான். வீட்டுச்சிட்டில் ஆணின் உச்சி சாம்பல் நிறம், பெண்ணுக்குத் தனி நிறம். மரச்சிட்டிலோ ஆணும் பெண்ணும் ஒரே தோற்றம். சிங்கப்பூரின் தெருக்களில் திரியும் இதே பறவை பிரிட்டனில் வயலோரங்களை நம்பி வாழ்கிறது. 1970-க்கும் 2008-க்கும் இடையே அங்கே அதன் எண்ணிக்கை 93 சதவீதம் சரிந்தது.

28 மி.மீ. துளையுள்ள கூடுபெட்டி இதற்கு ஏற்றது. உருவில் பெரிய வீட்டுச்சிட்டு அதில் நுழைவது கடினம். கூட்டமாக வாழும் இனம் என்பதால் பல பெட்டிகளை அருகருகே வைக்கலாம். ஆனால் பெட்டி தீர்ப்பது இடப் பஞ்சத்தை மட்டுமே. இலையுதிர்காலத்திலேயே விதைக்கும் வழக்கம் பரவியதால், குளிர்காலத்தில் சிதறிய தானியத்தோடு கிடந்த அறுவடைத் தாள்வயல்கள் குறைந்துபோயின. பூச்சிமருந்து குஞ்சுகளின் இரையைக் குறைத்தது. ஆகவே குளிர்காலத்தில் தானியமும், பூச்சி பெருகும் புதர்வேலியும் ஈரநிலமும் பெட்டியோடு சேர்ந்தே வேண்டும்.

இரை வைத்தால் பறவை சோம்பேறியாகிவிடும் என்பார்கள். நாம் வைப்பது வேளாண்மை பறித்ததில் ஒரு பங்கைத்தான். உலக அளவில் அழியும் நிலையில் இல்லாத பறவைக்கு ஏன் இவ்வளவு பாடு என்றும் கேட்கலாம். ஒரு நாட்டின் வயல்களில் விதையும் பூச்சியும் அருகினால் பாதிக்கப்படுவது மரச்சிட்டு மட்டுமல்ல. யெல்லோஹாமர் என்னும் மஞ்சள் நிறக் குருவியும் வானம்பாடியும் பிரிட்டனில் குறைந்துதான் வருகின்றன.