துறைமுகச் சுவருக்குப் பின்னால் ஒரு பாய்மரக் கிளப்

1/
சென்னைத் துறைமுகத்துக்குள்ள 1911-லிருந்து ஒரு பாய்மரப் படகு கிளப் இருக்கு. பேரு ராயல் மெட்ராஸ் யாட் கிளப். சென்னையிலேயே பிறந்து வளர்ந்தவங்ககூட நிறைய பேர் கேள்விப்பட்டிருக்க மாட்டீங்க. "பணக்காரங்க விளையாட்டு, நமக்கென்ன" என்று கடந்து போயிடாதீங்க. நம்ம பிள்ளைங்க உயிர் சம்பந்தப்பட்ட விஷயம் ஒன்று இதுக்குள்ள இருக்கு. கொஞ்சம் நீளமான த்ரெட், பொறுமையா வாசிங்க.

2/
முதல்ல வரலாறு. சென்னைக்கு இயற்கைத் துறைமுகம் கிடையாது. திறந்த கரை, ஓயாத அலை. கப்பல்கள் தள்ளி நின்று நங்கூரம் போடும். ஆளும் சரக்கும் மசூலா படகில்தான் கரைக்கு வரணும். ஆணியே அடிக்காமல் பலகைகளைக் கயிற்றால் தைத்துச் செய்த படகு அது. அலை மோதும்போது உடையாமல் வளைந்து கொடுக்கும். அதை ஓட்டியவங்க நம்ம ஊர் மீனவர்கள்.

3/
1875-ல் துறைமுகச் சுவர் கட்டும் வேலைக்கு அடிக்கல் நாட்டினார்கள். 1881-ல் வந்த புயல் அதைச் சிதைத்துவிட்டுப் போனது. திரும்பக் கட்டியும் பிரச்சினை தீரவில்லை. வாசல் கிழக்கு பார்த்து இருந்ததால் அலையும் மணலும் நேராக உள்ளே வந்தன. 1904-ல் துறைமுகத்தின் தலைவராக வந்த பொறியாளர் சர் பிரான்சிஸ் ஸ்பிரிங் அந்த வாசலை அடைத்து, வடகிழக்கு பார்த்துப் புது வாசல் வைத்தார். உள்ளே தண்ணீர் அடங்கியது.

4/
அந்த ஸ்பிரிங்தான் 1911-ல் இந்த கிளப்பையும் தொடங்கினார். பெயர் எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கா? 1912 மார்ச்சில் மாதம் 30 ரூபாய் சம்பளத்துக்கு ஒரு இளைஞர் துறைமுக அலுவலகத்தில் கிளார்க்காகச் சேர்ந்தார். கணித மேதை ராமானுஜன். அவரோட திறமையைப் புரிந்துகொண்டு, பல்கலைக்கழக உதவித்தொகைக்கும் கேம்பிரிட்ஜ் பயணத்துக்கும் துணை நின்றவர்களில் ஸ்பிரிங்கும் ஒருவர். கிளப் இருக்கும் படகுத்துறைக்கு இன்றும் ஸ்பிரிங்ஹேவன் என்றுதான் பெயர்.

5/
துறைமுகத்துக்குள்ள ஏன் கிளப்? காரணம் எளிமையானது. சுவர் அலையைத் தடுக்கும், காற்றைத் தடுக்காது. தண்ணீர் அமைதியா இருக்கணும், காற்று வேணும். புதுசா கத்துக்கறவங்களுக்கு இதைவிட நல்ல இடம் கிடைக்காது. மதியத்துக்கு மேல் "கடல்காத்து வந்துடுச்சு, அப்பாடா" என்று சொல்வோமே, அதே காற்றுதான் இந்தப் படகுகளுக்குப் பெட்ரோல்.

6/
யாட் என்றதும் சினிமாவில் வரும் வெள்ளை சொகுசுக் கப்பல் ஞாபகம் வரும். இங்க ஓடுவது பெரும்பாலும் சின்னப் படகுகள். குழந்தைகள் ஆரம்பிப்பது ஆப்டிமிஸ்ட் என்கிற படகில். நீளம் 2.3 மீட்டர், ஒரே ஒரு பாய், ஒரே ஒரு குழந்தை. 15 வயது வரை அதில் போட்டி போடலாம். 8, 9 வயசுப் பிள்ளை தனியா உட்கார்ந்து காற்றைப் பார்த்து முடிவெடுக்கும். பக்கத்துல அப்பா இல்ல, அம்மா இல்ல, டியூஷன் சாரும் இல்ல.

7/
காற்று எந்தப் பக்கம் அடிக்குதோ அந்தப் பக்கம்தானே படகு போகும்? இல்லீங்க. காற்றுக்கு நேர் எதிரே மட்டும்தான் போக முடியாது. ஏறக்குறைய 45 டிகிரி சாய்வாகப் போகலாம். வலப்பக்கம் கொஞ்ச தூரம், திருப்பி இடப்பக்கம் கொஞ்ச தூரம் என்று வளைந்து வளைந்து போனால், காற்று வரும் திசைக்கே போய்ச் சேரலாம். கட்டுமரத்தில் பாய் கட்டிப் போன மீனவருக்கு இது தினசரி வேலை.

8/
எனக்கு ரொம்பப் பிடித்த விதி ஒன்று. பாய்மரப் போட்டியில் கிரிக்கெட் மாதிரி பக்கத்துலேயே அம்பயர் நிற்பது அபூர்வம். தப்பு செய்தவர் தானே ஒத்துக்கொண்டு, படகை இரண்டு முழுச் சுற்று சுற்றிவிட்டு ஓட்டத்தைத் தொடர வேண்டும். யாரும் பார்க்கலையே என்று போகக்கூடாது. பக்கத்துப் படகுக்காரர் புகார் கொடுத்தால் கரையில் விசாரணை நடக்கும். 10 வயசுப் பிள்ளைக்கும் இதே விதிதான்.

9/
இப்ப முக்கியமான விஷயத்துக்கு வரேன். பாய்மரம் பழக வரும் பிள்ளைக்கு ஆரம்பத்திலேயே சொல்லித் தரும் பாடம், படகு கவிழ்ந்தா என்ன செய்யணும் என்பது. வேணும்னே கவிழ்ப்பாங்க. மிதவை அங்கி போட்டிருக்கும். பதறாதே, படகை விட்டு நீந்திப் போகாதே, அதைப் பிடித்துக்கொள், அடிப்பலகை மேல் ஏறி எடையைப் போட்டு நிமிர்த்து, உள்ளே ஏறு. கண்ணை மூடிக்கொண்டு செய்யும் அளவுக்குத் திரும்பத் திரும்பப் பழக்குவாங்க.

10/
ஒரு டாக்டரா இதைப் பார்க்கும்போது எனக்குக் கேஷுவாலிட்டி ஞாபகம் வருது. லீவு நாட்களில் தண்ணீரில் மூழ்கியவங்களைக் கொண்டு வருவாங்க. பெரும்பாலும் பள்ளி, கல்லூரிப் பசங்க. ஈர டிரவுசரோட வெளியே நண்பர்கள் நிற்பாங்க. சில சமயம் மூழ்கினவனைக் காப்பாத்தப் போனவன்தான் ஸ்ட்ரெச்சரில் இருப்பான். ஈசிஜி எடுத்துப் பார்த்துவிட்டு அப்பாவிடம் பேசப் போகும் அந்தப் பத்து அடி தூரம் ரொம்ப நீளம்.

11/
உலக சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி 2021-ல் மட்டும் உலகம் முழுக்கச் சுமார் 3 லட்சம் பேர் நீரில் மூழ்கி இறந்தார்கள். நாம என்ன செய்யறோம்? "குளிக்கத் தடை" என்று பலகை வைக்கிறோம். பலகை தேவைதான். ஆனா கடலோர ஊர்ப் பிள்ளைக்குக் கடலைப் பற்றி நாம சொல்லித் தரும் ஒரே பாடம் "போகாதே" என்பதா இருந்தா, அது போதாது.

12/
இன்னொரு வேடிக்கை பாருங்க. உலகமே சொல்லும் கேட்டமரான் என்ற சொல் நம்ம கட்டுமரம்தான். இன்றைய இரட்டை உடல் படகின் வடிவம் வேறு, பேர் மட்டும் நம்மது. வாடை, கொண்டல், தென்றல், கோடை என்று காற்றுக்குத் திசைவாரியா பேர் வைத்த மொழி நம்மது. ஆனா கட்டுமரம் போய் ஃபைபர் படகு வந்தது, பாய் போய் மோட்டார் வந்தது. அதைக் குறை சொல்ல முடியாது. உழைப்பு குறைஞ்சது, கடலிலிருந்து சீக்கிரம் திரும்ப முடிஞ்சது. ஆனா பிழைப்புக்குப் பாய் விரித்தவர் கையை விட்டு அது போய், விளையாட்டுக்கு விரிப்பவர் கையில் தங்கிவிட்டது.

13/
துறைமுகத்துக்கு வடக்கே ஒட்டினாற்போல காசிமேடு. அந்தப் பக்கம் காற்றைப் பார்த்தே வானிலை சொல்லும் குடும்பங்கள். இந்தப் பக்கம் பாய்மரக் கிளப். நடுவுல சுவர், கேட், பாஸ், மத்திய தொழில் பாதுகாப்புப் படை. துறைமுகத்துக்குப் பாதுகாப்பு வேணும், அதுல மாற்றுக் கருத்து இல்ல. ஆனா கேட் இருக்கும் இடத்தில் ஒரு விளையாட்டு ஊர் விளையாட்டா மாறுவது கஷ்டம்.

14/
இவ்வளவு தடை இருந்தும் சாதனை வந்திருக்கு. டோக்கியோ ஒலிம்பிக் பாய்மரப் போட்டிக்கு இந்தியாவிலிருந்து போனது 4 பேர். நேத்ரா குமணன், வருண் தக்கர், கே.சி. கணபதி மூணு பேரும் சென்னை. விஷ்ணு சரவணன் வேலூர், ராணுவ வீரர். ஒலிம்பிக் பாய்மரப் போட்டிக்குத் தகுதி பெற்ற முதல் இந்தியப் பெண் நேத்ரா. அவர் ஆரம்பித்தது தமிழ்நாடு பாய்மரச் சங்கத்தின் கோடைக்காலப் பயிற்சி முகாமில். ஆமா, ஒரு சம்மர் கேம்ப்!

15/
அடுத்து நேஹா தாக்கூர். மத்தியப் பிரதேசம், தேவாஸ் மாவட்டத்தின் ஒரு கிராமத்து விவசாயி மகள். அந்த மாநிலத்துக்குக் கடலே கிடையாது. போபால் ஏரியில் அரசு நடத்தும் பயிற்சி மையத்தில் பழகினார். 2023-ல் ஹாங்சோவில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியில் வெள்ளி. ஏரியை வைத்தே அவங்க இதைச் செய்தாங்க. நம்மகிட்ட ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் கடற்கரை இருக்கு.

16/
அதனால நான் கேட்பது ரெண்டு விஷயம். ஒன்று, பெற்றோருக்கு: கோடை விடுமுறையில் பிள்ளையை எதில் சேர்க்கலாம் என்று யோசிக்கும்போது நீச்சலையும் பாய்மரத்தையும் பட்டியலில் வையுங்க. இரண்டு, அரசுக்கும் கிளப்புகளுக்கும்: கடலோர அரசுப் பள்ளிப் பிள்ளைங்களுக்கு, குறிப்பா மீனவக் குப்பத்துப் பிள்ளைங்களுக்கு, வருஷத்தில் சில நாளாவது அந்தக் கேட் திறக்கணும். எல்லாரும் ஒலிம்பிக் போக வேண்டாம். மிதவை அங்கி போடவும், கவிழ்ந்தா பதறாமல் பிடித்துக்கொள்ளவும் தெரிஞ்சா போதும்.

17/
கடைசியா மருத்துவம். மூழ்கியவரை வெளியே எடுத்ததும் தலைகீழாத் தூக்கிச் சுத்தாதீங்க, வயிற்றை அமுக்காதீங்க. அமுக்கினா வயிற்றில் இருப்பது நுரையீரலுக்குள் போகும். உடனே 108-ஐக் கூப்பிடச் சொல்லுங்க. மூச்சு இல்லையென்றால் முதலில் வாயோடு வாய் வைத்து மூச்சு கொடுங்க. பிறகு நெஞ்சில் 30 அழுத்தம், 2 மூச்சு என்று ஆம்புலன்ஸ் வரும்வரை விடாமல் செய்யுங்க. பிழைத்து எழுந்து உட்கார்ந்துட்டாலும் கண்டிப்பா ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டு வாங்க. சில மணி நேரம் கழித்தும் மூச்சுத் திணறல் வரலாம்.

18/
கடலோர ஊரில் இருக்கும் ஒருத்தருக்காவது இதை அனுப்புங்க.