பற்றும் நாடா, விடும் நாடா

கிறிஸ்து பிறப்பு விழாவும் பொங்கலும் அடுத்தடுத்து வருவதால், மார்கழி பிறக்குமுன்பே நம் தருமபுரி மாவட்டத்துச் சிற்றூர்களில் வெள்ளையடிக்கும் வேலை தொடங்கிவிடும். அந்நாளில் சுண்ணாம்பும், சுவரடியில் ஒரு காவிப் பட்டையும் போதுமாயிருந்தன. நீலப்பொடி தோய்த்த நூலைச் சுவரில் சுண்டிக் கோடு போடுவார்கள்; எஞ்சியது கைப்பழக்கம். இன்றோ சுவருக்கொரு வண்ணம், சன்னலுக்கு எனாமல். ஆகவே கோடு பிசகாதிருக்க ஒட்டுநாடாவை நாடுகிறோம்.

இந்நாடா பிறந்த கதை சிந்திக்கத் தக்கது. 1920களில் அமெரிக்காவில் இருவண்ண மோட்டார் கார்கள் விரும்பப்பட்டன. தொழிலாளர்கள் ஒரு பகுதியைத் தாளும் பசையும் கொண்டு மறைத்து மறுபகுதிக்கு வண்ணம் பூசினர். தாளை உரிக்கும்போது புதிய வண்ணமும் உரிந்து வந்தது. உப்புத்தாள் மாதிரிகளுடன் அப்பட்டறைகளுக்குச் சென்ற ரிச்சர்ட் ட்ரூ என்ற இளைஞர் அவர்களது துயரைக் கண்டார். 1925இல் மாஸ்கிங் டேப்பை உருவாக்கினார். வலுவாக ஒட்டும் பசைக்கு அன்று பஞ்சமில்லை. காயம் செய்யாமல் விலகும் பசையே அரிதாயிருந்தது.

கடையில் கைக்குக் கிடைத்ததை வாங்குவோர் இதனை எண்ண வேண்டும். பெட்டி ஒட்டும் பழுப்பு நாடா சுவரின் வண்ணத்தைப் பெயர்த்துவிடும், பிசினும் தங்கும். சாதாரண மாஸ்கிங் டேப் வேலை முடிந்த அன்றே எடுக்கத்தக்கது. வெயிலில் விட்டால் இறுகிப்போகும். சில நாள் இருக்க வேண்டுமெனில், வண்ணப் பூச்சுக்கென்றே வரும் நீல நாடா ஏற்றது. பழைய சுண்ணாம்புச் சுவரில் எந்த நாடாவும் நிற்காது. அது சுவரை விட்டுப் பொடியையே பற்றும். அங்கே சுரண்டி, பிரைமர் அடிப்பதே வழி. புதிதாய்ப் பூசிய எமல்ஷன்மேல் ஒருநாளாவது பொறுத்தே ஒட்ட வேண்டும். வண்ணம் முற்றும் இறுகுமுன், நாடாவைப் பின்புறமாக மடக்கி மெல்ல இழுத்தால் கோடு சிதையாது.

அற்பச் செய்தி என்று சிலர் நகைக்கலாம். ஆனால் மகளின் திருமணத்திற்காகக் கடன் வாங்கி வீட்டைப் புதுப்பிப்பவருக்கு, பெயர்ந்த சுவர் இன்னொரு நாள் கூலி. பிழைப்புத் தேடிப் பெங்களூரு சென்று வண்ணம் பூசும் நம் பகுதி இளைஞருக்கோ, கோணலான கோடு அடுத்த வேலையையே இழக்கச் செய்யலாம். நாடாவில் மிச்சம் பிடிக்கச் சொல்லிவிட்டுக் கோடு கோணியதென்று அவர்களைக் கடிவது நியாயமாகுமா?

பற்றுதல் எளிது, உரிய வேளையில், பற்றியதற்கு ஊறின்றி விடுவதே அரிது. பிள்ளைகளை வளர்க்கும் நாமும், பொறுப்புகளை வகிக்கும் நாமும் இதனை இச்சிறு நாடாவிடம் கற்றுக்கொள்ளலாம்.