ஜப்பான் போகும் உழவர் எங்கே உட்கார்ந்து சாப்பிட வேண்டும்?

பண்ருட்டியை ஒட்டி, கெடிலம் ஆற்றங்கரையில் இருக்கிறது திருவதிகை. எட்டு வீரட்டத் தலங்களில் ஒன்று; அப்பர் பெருமானின் சூலை நோய் தீர்ந்த ஊர். கோடையில் கோயிலுக்கு வரும் வெளியூர்க்காரர்கள் ஒரு பலாப்பழமோ, ஒரு பொட்டலம் முந்திரியோ வாங்காமல் திரும்புவது அரிது. காடாம்புலியூர் வழியாக நெய்வேலி போகும் சாலையிலும் வண்டியை நிறுத்திப் பழம் வாங்குவார்கள்.

வாங்குபவருக்கு அது 'பண்ருட்டிப் பலா'. எந்த ஊர்த் தோப்பு, யார் வளர்த்த மரம் என்பது அவருக்குத் தெரியாது. மண்டிக்குப் போன பழத்தில் விளைவித்தவர் பெயர் இருக்காது. பெயர் இல்லாத சரக்குக்கு விலை சொல்லும் உரிமை வாங்குபவர் கைக்குப் போய்விடுகிறது.

நெல் சாகுபடித் தொழில்நுட்பங்களை நேரில் அறிய 100 முன்னோடி உழவர்களை ஜப்பான், சீனா, வியட்நாம் நாடுகளுக்கு அழைத்துச் செல்வதாகத் தமிழக அரசின் 2025-26 வேளாண் நிதிநிலை அறிக்கை அறிவித்தது. சொந்தச் செலவில், குழுவாகச் சேர்ந்து போக நினைப்பவர்களும் உண்டு. அப்படிப் போகிறவர்கள் புல்லட் ரயிலையும் பெரிய கட்டடங்களையும் மட்டும் பார்த்துத் திரும்பினால் காசு கரைந்ததுதான் மிச்சம். சாப்பாட்டை முன்வைத்துப் பயணத்தைத் திட்டமிட்டால், விளைபொருளுக்குப் பெயரும் விலையும் எப்படி வருகிறது என்பதைச் சாப்பாட்டு மேசையிலேயே பார்த்துவிடலாம்.

சோற்றில் ஒரு பழைய உறவு

ஜப்பானியரின் மரபுச் சமையலுக்கு 'வாஷோகு' என்று பெயர். 2013-ல் யுனெஸ்கோ இதைப் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. ஒரு கிண்ணம் சோறு, ஒரு சூப், ஓரிரு காய்கறி அல்லது மீன் வகைகள், கொஞ்சம் ஊறுகாய். இதுதான் அதன் அடிப்படை.

அந்தச் சோறு குட்டை அரிசியில் வடித்தது. அமைலோஸ் குறைவு என்பதால் ஒன்றோடொன்று ஒட்டும். குச்சியால் எடுத்துச் சாப்பிட ஏற்றது. 1956-ல் வெளிவந்த கோஷிஹிகாரி ரகம் இன்றும் முதலிடத்தில் இருக்கிறது. அதிலும் நீகாட்டா மாநிலத்தின் உவோநுமா பகுதியில் விளைந்தது என்றால் விலை தனி. ரகம் ஒன்றே, மண்ணின் பெயர்தான் விலையை ஏற்றுகிறது.

நமக்கும் அந்த நெல்லுக்கும் தூரத்து உறவு உண்டு. 1986-ல் வெளியான வெள்ளைப் பொன்னி, மலேசியாவின் மசூரி ரகத்திலிருந்து தேர்வு செய்யப்பட்டது. மசூரியின் பெற்றோரில் ஒன்று தைச்சுங் 65. அது ஜப்பானிய ரகங்களைக் கலந்து தைவானில் உருவாக்கப்பட்டது. ஆடுதுறை 27-ம் ஜப்பானின் நோரின் 10 நெல்லை ஜி.இ.பி. 24-உடன் கலந்து வந்ததுதான்.

'பிளம், செஸ்ட்நட் நடுவோம், ஹவாய் போவோம்'

முதலில் போக வேண்டிய இடம் கியூஷு தீவில், ஒய்டா மாநிலத்தில் உள்ள ஒயாமா. இன்று ஹிட்டா நகராட்சியோடு சேர்ந்துவிட்ட மலைக் கிராமம். நெல்லுக்கு நிலம் போதாத ஊர். நாடு முழுவதும் நெல் நெல் என்று பேசிய 1961-ல், ஒயாமா மக்கள் பிளம் மரமும் செஸ்ட்நட் மரமும் நடத் தொடங்கினார்கள். 'பிளமும் செஸ்ட்நட்டும் நடுவோம், ஹவாய் தீவுக்குப் போவோம்' என்பது அவர்களின் முழக்கம். சில ஆண்டுகளில் உண்மையாகவே ஹவாய் போய் வந்தார்கள்.

பிளம் பழத்தைப் பச்சையாக விற்றதோடு அவர்கள் நிற்கவில்லை. நம் ஊர் உப்பு நார்த்தங்காய் போல உப்பில் ஊறவைத்து, காயவைத்து 'உமெபோஷி' ஊறுகாயாக்கி விற்றார்கள். இதைப் பார்த்து ஒய்டா ஆளுநர் ஹிராமட்சு மொரிஹிகோ 1979-ல் 'ஒரு கிராமம் ஒரு பொருள்' இயக்கத்தைத் தொடங்கினார். இன்று நம் நாட்டில் பேசப்படும் 'ஒரு மாவட்டம் ஒரு பொருள்' திட்டத்துக்கு முன்னோடி அதுதான்.

ஒயாமா கூட்டுறவுச் சங்கம் 'கோனோஹானா கார்டென்' என்ற நேரடி விற்பனைக் கூடத்தை நடத்துகிறது. அதன் உணவகத்தில் விவசாயக் குடும்பப் பெண்கள் தங்கள் வீட்டுச் சமையலைப் பரிமாறுகிறார்கள். ஒரு வேளையாவது அங்கே சாப்பிட வேண்டும்.

இலை விற்கும் ஊர்

அடுத்தது ஷிகோகு தீவின் தொகுஷிமா மாநிலத்தில் உள்ள கமிகத்சு. 1981-ல் அடித்த கடும் குளிரில் இந்த ஊரின் ஆரஞ்சுத் தோப்புகள் பட்டுப்போயின. 2011 டிசம்பர் 30-ம் தேதி தானே புயலில் பலாவையும் முந்திரியையும் ஒரே நாளில் இழந்த பண்ருட்டிப் பகுதிக்கு இந்த வலி புரியும்.

அங்கே கூட்டுறவுச் சங்கத்தில் வேளாண் ஆலோசகராக இருந்த யோகோய்ஷி தொமோஜி, ஒசாகா உணவகம் ஒன்றில், தட்டில் அழகுக்கு வைத்த சிவந்த மேப்பிள் இலையை இளம்பெண்கள் ஆசையோடு எடுத்துப் பார்ப்பதைக் கண்டார். 'இது நம் மலையில் குவிந்து கிடக்கிறதே' என்று தோன்றியது. 1986-ல் இலை வியாபாரம் தொடங்கியது. இன்று 300-க்கும் மேற்பட்ட வகை இலைகளும் பூங்கொத்துகளும் அங்கிருந்து உணவகங்களுக்குப் போகின்றன. பறித்துத் தரம் பிரித்து அடுக்குபவர்களில் பெரும்பாலானோர் வயதான பெண்கள். கணினித் திரையில் ஆர்டரைப் பார்த்து, 'இது எனக்கு' என்று முந்திப் பதிவு செய்கிறார்கள். தட்டில் வந்த இலையைத் தூக்கிப் போடாமல், அது எந்த ஊரிலிருந்து வந்தது என்று உணவகத்தில் கேட்டுப் பாருங்கள்.

சாலையோர நிலையம்

ஜப்பான் நெடுஞ்சாலைகளில் 'மிச்சி-நோ-எக்கி' என்னும் சாலையோர நிலையங்கள் உள்ளன. 1993-ல் தொடங்கி இப்போது 1,200-ஐத் தாண்டிவிட்டன. வண்டி நிறுத்தம், சுத்தமான கழிப்பறை, உணவகம், பக்கத்து ஊர் விளைபொருள் விற்பனை எல்லாம் ஒரே இடத்தில். காலையில் உழவர் காய்கறியைக் கொண்டுவந்து, தன் பெயரை ஒட்டி, விலையைத் தானே போட்டு அடுக்கிவிட்டுப் போகிறார். விற்றதில் நிலையத்துக்குக் கழிவு உண்டு. விற்காததை அவரே எடுத்துச் செல்ல வேண்டும்.

1999-ல் மதுரையில் தொடங்கிய நம் உழவர் சந்தையிலும் இடைத்தரகர் இல்லை. ஆனால் உழவர் நாள் முழுக்கக் கடையில் உட்கார வேண்டும். விலையை அலுவலர்கள் நிர்ணயிக்கிறார்கள். இந்த வேறுபாட்டைக் கவனித்துவிட்டு வந்தால் போதும்.

சைவம் சாப்பிடுபவர்களுக்கு

ஜப்பானியச் சமையலில் பெரும்பாலான சூப்புக்கும் குழம்புக்கும் அடிப்படை 'தாஷி' என்னும் சாறு. அதில் சூரை மீனை வேகவைத்துப் புகையூட்டிக் காயவைத்த 'கத்சுவோபுஷி' சேரும். கிட்டத்தட்ட நம் மாசிக் கருவாடுதான். கண்ணுக்கு மீன் தெரியாவிட்டாலும் சாற்றில் இருக்கும். 'இறைச்சி, மீன், மீன் தாஷி சாப்பிடமாட்டோம்' என்று ஜப்பானிய எழுத்தில் எழுதிய அட்டையைக் கையில் வைத்துக்கொள்வது நல்லது.

புத்த மடங்களின் 'ஷோஜின் ரியோரி' சமையலில் மீனும் இறைச்சியும் இல்லை. தாஷிகூடக் கடற்பாசியிலும் காளானிலும்தான். 816-ல் தொடங்கிய கோயாசான் மலையில் மடங்களிலேயே தங்கிச் சாப்பிடலாம். எள் கூழில் செய்த 'கோமா தோஃபு' அங்கே பெயர் பெற்றது.

திட்டமிடும்போது

- காலம்: நடவு பார்க்க மே, அறுவடையும் புது அரிசியும் பார்க்க அக்டோபர். பலா சீசன் முடிந்த அக்டோபர், பண்ருட்டிக்காரர்களுக்கு வசதி. ஏப்ரல் கடைசி, மே முதல் வாரம் அங்கே விடுமுறைக் கூட்டம், தவிர்க்கவும்.
- வழி: ஃபுகுவோகாவில் இறங்கி ஒயாமா, பிறகு தொகுஷிமா வழியாகக் கமிகத்சு, கோயாசான், ஒசாகாவில் விமானம். ஒரு வாரத்துக்குச் சற்று மேல் தேவை.
- ரயில்: 7 நாள் ரயில் பாஸ் 2023 அக்டோபரில் 50,000 யென் ஆனது. தனித்தனி டிக்கெட் மலிவா என்று கணக்குப் பார்த்து வாங்கவும்.
- தடை: பழம், விதை, செடி, கறிவேப்பிலை எதையும் தாவர நலச் சான்று இல்லாமல் கொண்டுபோகக் கூடாது. அங்கிருந்து விதை கொண்டுவரவும் நம் நாட்டு அனுமதி வேண்டும். காலணியில் தோட்டத்து மண் ஒட்டியிருக்கக் கூடாது.

அங்கும் குறை உண்டு

1970 முதல் 2017 வரை ஜப்பான் அரசு நெல் பரப்பைக் குறைக்கச் சொன்னது. உழவர்களின் சராசரி வயது 70-ஐ நெருங்கிவிட்டது. வாரிசு இல்லாத வயல்கள் தரிசாகின்றன. 2025-ல் கடைகளில் 5 கிலோ அரிசி 4,000 யென்னைத் தாண்டி, முந்தைய ஆண்டைப்போல் இரு மடங்கானது. அரசு இருப்பு அரிசியைத் திறக்க வேண்டிவந்தது. விலை நன்றாக இருந்தும் பிள்ளைகள் ஏன் வயலுக்கு வரவில்லை என்று அங்குள்ள உழவர்களிடம் கேட்பதும் பயணத்தின் வேலைதான்.

ஜப்பான் போக முடியாதவர்களுக்கும் இதில் செய்ய ஒன்று இருக்கிறது. அடுத்த சீசனில் தோப்பிலிருந்து போகும் ஒவ்வொரு பழத்திலும் ஊர், தோப்புக்காரர் பெயர், வெட்டிய தேதி, கைப்பேசி எண் கொண்ட சீட்டை ஒட்டலாம். நான்கைந்து தோப்புக்காரர்கள் சேர்ந்து, திருவதிகை வரும் பக்தர்களுக்குச் சுளையும் சிப்ஸும் வறுத்த பலாக்கொட்டையும் ஒரே கடையில் விற்கலாம். பழம் இனித்தால் வாங்கியவர் அடுத்த ஆண்டு அந்த எண்ணுக்கே பேசுவார். அப்போது விலையைத் தோப்புக்காரர் சொல்லலாம்.