ஆதிரையும் இரண்டு புள்ளிகளும்

மார்கழி, தை மாதங்களில் இஷாத் தொழுகை முடித்துப் பள்ளிவாசல் படியிறங்கும்போது, கொல்லிமலைப் பக்கத்து வானில் செம்மை படர்ந்த விண்மீன் ஒன்று நம் கண்ணில் படும். தமிழர் அதனை ஆதிரை என்பர். சைவர் அதைச் சிவனுக்குரிய மீனாகக் கொண்டு மார்கழியில் விழா எடுப்பர். மணிமேகலையின் அமுதசுரபியில் முதன்முதல் பிச்சையிட்ட நங்கையின் பெயரும் ஆதிரையே. மேனாட்டார் அதனைப் 'பெட்டல்ஜூஸ்' என அழைக்கின்றனர். இந்த மூன்றாம் பெயரைப் பற்றியே ஈண்டு எழுதப் புகுந்தோம். அதனோடு நாம் செய்த பிழை ஒன்றும் சேர்ந்திருக்கிறது.

பண்டை அரபிகள் அவ்விண்மீன் கூட்டத்தை 'அல்ஜௌஸா' என்னும் பெண்ணாகக் கண்டனர். அவள் கைப்புறத்தில் ஒளிரும் மீனுக்கு 'யதுல் ஜௌஸா', அதாவது ஜௌஸாவின் கை, என்று பெயரிட்டனர். 964-ஆம் ஆண்டளவில் அப்துர் ரஹ்மான் அஸ்ஸூஃபீ என்னும் மேதை 'ஸுவருல் கவாகிபித் தாபிதா' என்ற நூலில் விண்மீன்களின் இடத்தையும் ஒளியையும் அரபு மக்கள் வழங்கிய பெயர்களையும் தொகுத்துத் தந்தார். அரபு நூல்கள் இலத்தீன் மொழிக்குச் சென்ற காலத்தில் எவரோ ஒருவர் 'யே' எழுத்தைப் 'பே' எனப் படித்துவிட்டார். சொல்லின் முதலில் வருங்கால் இவ்விரண்டும் ஒரே பல்லாகத்தான் எழுதப்படும். கீழே இரு புள்ளியாயின் யே, ஒரு புள்ளியாயின் பே. அந்த ஒரு புள்ளி விடுபட்டதால் 'யத்' என்பது 'பத்' ஆயிற்று. அன்று முதல் உலகமெங்கும் அப்பிழையே பெயராக நின்று வழங்குகிறது. பிழை செய்தவரை எவரும் தண்டித்ததாகத் தெரியவில்லை.

நாம் தண்டித்தோம். 1995-ஆம் ஆண்டு, நாமக்கல் பக்கத்துச் சிற்றூர் ஒன்றில், ஓதிக்கொடுக்கும் பணியில் அப்போதுதான் அமர்ந்திருந்தோம். இளமையும் பிரம்பும் ஒருங்கே நம் கையில் இருந்தன. எட்டு வயதுச் சிறுவன் ஒருவன் நாள்தோறும் யேயைப் பே என்றும், தேயை நூன் என்றும் ஓதினான். வாயால் சொல்லிக் கொடுத்தால் ஒரே முறையில் மனனம் செய்துவிடுவான். கிதாபைப் பார்த்து ஓதச் சொன்னால் தடுமாறுவான். கவனமின்மை என்று நாம் முடிவு கட்டினோம். ஒரு நாள் "யத்" என்னும் சொல்லையே மூன்று முறை "பத்" என்றான். மூன்று அடி விழுந்தது. மறுநாள் அவன் வரவில்லை. அதன் பின்னும் வரவில்லை. அவனுடைய அத்தா லாரிக் கூடு கட்டும் பட்டறையில் அவனைச் சேர்த்துவிட்டதாகக் கேள்விப்பட்டோம். வீடு தேடிச் சென்றிருக்க வேண்டும். செல்லவில்லை.

இவ்விண்மீனின் பெயர்க் கதையை நாம் படித்தது அதற்குப் பல ஆண்டுகள் கழித்தே. படித்த அன்றிரவு உறக்கம் பிடிக்கவில்லை.

அதன் பிறகு ஆதிரையைப் பற்றிக் கிடைத்தவற்றையெல்லாம் தேடிப் படித்தோம். சூரியன் இருக்குமிடத்தில் அதைக் கொண்டுபோய் வைத்தால் புதன், வெள்ளி, நாம் வாழும் பூமி, செவ்வாய் அனைத்தும் அதன் வயிற்றுக்குள் அடங்கிவிடும். விட்டம் சூரியனைப் போல் சுமார் 700 மடங்கு. அதனினும் மிகுதி என்போரும் உளர். சூரியனல்லாத ஒரு விண்மீனின் அகலத்தை மனிதன் முதன்முதலாக அளந்ததும் இதனைத்தான். 1920-இல் அமெரிக்காவின் மவுண்ட் வில்சன் மலையில் மைக்கேல்சனும் பீஸும் அளந்தனர். நம் சேலத்திற்கு வடக்கே, ஜவ்வாது மலையில் காவலூர் வானாய்வுக் கூடத்தை நிறுவிய வேணு பாப்பு, வில்சன் என்பாரோடு சேர்ந்து 1957-இல் ஓர் உண்மையை வெளியிட்டார். குளிர்ந்த விண்மீன்களின் நிறமாலையில் சுண்ணக வரியின் அகலத்தை அளந்தால், அம்மீனின் மெய்யான ஒளி எவ்வளவு என்று சொல்லிவிடலாம் என்பதே அது. ஆதிரை போன்ற செம்பெரு மீன்களுக்கும் அவ்விதி பொருந்தும். ஒரு கோட்டின் அகலத்தை அத்தனை பொறுமையாகப் பார்த்தவரும் நம் நாட்டவரே. நாமோ ஒரு சிறுவனின் கண்ணை உற்றுப் பார்க்கவில்லை.

கதை கட்டுவோருக்கும் இம்மீன் மீது பெருங்காதல். பியர் பூல் என்ற பிரெஞ்சு எழுத்தாளர் 1963-இல் எழுதிய நாவலில், மனிதரைக் குரங்குகள் ஆளும் உலகம் இம்மீனைத்தான் சுற்றிவருகிறது. அரபிகளின் பழங்கதை நமக்கு அதனினும் சுவையானது. ஸுஹைல் என்னும் மீன் ஜௌஸாவை மணந்து, அவள் முதுகெலும்பை முறித்துவிட்டுத் தெற்கே ஓடிவிட்டதாம். அவனுடைய இரு தங்கையருள் ஒருத்தி வான்கங்கையைக் கடந்து அவனைப் பின்தொடர்ந்தாள். அவளே அந்நஜ்மு சூராவில் பெயர் சுட்டப்படும் ஷிஃரா. கடக்க இயலாத மற்றவள் கரையிலிருந்து அழுதழுது கண் மங்கினாள். அதனால் அவள் பெயர் குமைஸா, பீளை படிந்த கண்ணாள். இவ்விடத்தைப் படித்தபோது கிதாபை மூடி வைத்தோம்.

2019-ஆம் ஆண்டின் இறுதியில் ஆதிரை திடீரென ஒளி குன்றியது. வெடிக்கப் போகிறது, உலகுக்குக் கேடு என்றெல்லாம் கைப்பேசிகளில் செய்தி பறந்தது. பெருமானார் (ஸல்) அவர்களின் மகனார் இப்ராஹீம் மறைந்த நாளில் சூரிய கிரகணம் நிகழ, எவருடைய இறப்புக்காகவும் கிரகணம் பிடிப்பதில்லை என்று அவர்கள் திருத்தியதை ஜமாஅத்தாருக்கு நினைவூட்டினோம். விண்மீன் தானே உமிழ்ந்த தூசு அதன் முகத்தை மறைத்தது என அறிஞர்கள் பின்னர் விளக்கினர்.

அந்த மாதங்களில்தான் அவன் நம்மிடம் வந்தான். தடித்த கண்ணாடி, பக்கத்தில் அவன் மகள். "ஹஜ்ரத், இவளுக்கு ஓதிக்கொடுங்க. கண் டாக்டர்கிட்ட காட்டிட்டுத்தான் கூட்டி வந்திருக்கேன்" என்றான். இருபத்திரண்டாம் வயதில், பட்டறையில் ஆணியைத் தவறவிட்டு விரலில் அடித்துக்கொண்ட பிறகே அவனுக்குப் பார்வைக் குறை தெரிய வந்ததாம். நாம் மன்னிப்புக் கேட்டோம். அவன் தலை குனிந்து நின்றான். "அன்னிக்கு எனக்குப் புள்ளியே தெரியலைங்க ஹஜ்ரத். எல்லாருக்கும் அப்படித்தான் தெரியும்போலன்னு நினைச்சேன்" என்றான். மன்னித்தேன் என்று அவன் சொல்லவில்லை, நாமும் வற்புறுத்தவில்லை.

மகள் இப்போது குர்ஆனை முழுதும் ஓதிவிட்டாள். அவனை உட்காரச் சொன்னால் மட்டும், வேலை இருக்கிறது என்று போய்விடுவான்.

2025-இல் ஒரு செய்தி வந்தது. ஹவாய் தீவின் பெருந்தொலைநோக்கியால் ஆதிரையின் மிக அருகே மங்கலான துணைமீன் ஒன்று தென்பட்டதாக அறிவித்தனர். அதற்கு 'ஸிவாருஹா', அவளுடைய காப்பு, என அரபியிலேயே பெயரும் இட்டனர். உறுதி செய்யும் வேலை மீதமிருக்கிறது. 2027 நவம்பரில் அது மீண்டும் நன்கு விலகி நிற்குமாம். இஷாவுக்குப் பின் மகளை அழைத்துப்போக வந்தவனிடம் இதைச் சொல்லி, மலைப்பக்கம் கைகாட்டினோம். கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியால் துடைத்து மாட்டிக்கொண்டு வெகுநேரம் அண்ணாந்து பார்த்தான்.

"எனக்கு ஒண்ணுதாங்க தெரியுது, ஹஜ்ரத்" என்றான்.

நமக்கும் ஒன்றுதான் தெரிகிறது என்றோம்.